மேடையும் திரையும்: இயன் ஹோமின் நடிப்புக்கலை – ஒரு மதிப்பீடு

முன்னுரை

மேடை நடிப்பு உணர்ச்சியைப் பெருக்கிக் காட்டுவது, திரை நடிப்பு அதனை அடக்கிக் காட்டுவது என நாடகம் கற்பிக்கும்போது வகுத்துரைப்பது நம்மிடையே வழக்கமாக உள்ளது. மேடை நடிகரின் குரல் கடைசி வரிசைக்கும் எட்ட வேண்டும். திரை நடிகரிடமோ படக்கருவியே நெருங்கி வருகிறது என்பது இதற்குக் கூறப்படும் காரணமாகும். இப்பாகுபாடு எவ்வளவு தூரம் பொருந்தும் என்பதைப் பிரித்தானியக் குணச்சித்திர நடிகர் சர் இயன் ஹோம் (1931–2020) அவர்களின் கலைவாழ்வைக் கொண்டு ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும். முக்கியமான இரு பாத்திரங்களை அவர் மேடையிலும் படக்கருவியின் முன்னும் ஏற்று நடித்துள்ளார். ஆகவே, ஒப்பிட்டு நோக்க அவர் தக்க சான்றாக அமைகிறார்.

லென்னி: உயராத குரல்

அரச நாடகக் கலைக்கழகத்தில் பயின்ற ஹோம், 1950களில் ஸ்ட்ராட்ஃபோர்டு மேடையில் சிறு வேடங்களில் தொடங்கினார். உருவத்தால் சிறியவராயினும், 1960களில் மூன்றாம் ரிச்சர்டு, ஐந்தாம் ஹென்றி ஆகிய மன்னர் வேடங்களை ஏற்கும் நிலைக்கு உயர்ந்தார். 1965இல் ஹரோல்ட் பின்டரின் 'த ஹோம்கமிங்' நாடகத்தில் லென்னியாக நடித்தார். அந்நாடகம் நியூயார்க்கில் மேடையேறியபோது, 1967ஆம் ஆண்டிற்கான டோனி விருது அவருக்குக் கிட்டியது. அதே நெறியாளர் பீட்டர் ஹால் 1973இல் அதனைத் திரைப்படமாக்கியபோது, ஆறு பாத்திரங்களுள் நான்கினை முதல் மேடையேற்றத்தில் நடித்தவர்களே ஏற்றனர்.

நள்ளிரவில் அண்ணன் மனைவியிடம் லென்னி உரையாடும் காட்சி இங்கு நோக்கத்தக்கது. தான் பெண்களைத் தாக்கிய கதைகளை, வீட்டுச் செய்தி பேசுபவனைப் போன்று அவன் சொல்கிறான். அச்சம் பிறப்பது சொல்லில் அன்று. சொல்லுக்கும் சொல்லுக்கும் இடைப்பட்ட மௌனத்தில். ஒரு கண்ணாடிக் குவளையை முன்வைத்து அவள் அவனை மடக்கிவிட்டுப் படியேறிய பின்னரே அவன் குரல் உயர்கிறது. இவ்வடக்கம் படக்கருவிக்காகப் புதிதாகக் கற்றதன்று. பின்டரின் மேடை உரையாடலே அதனைக் கோருகிறது.

விலகலும் திரைப்பணியும்

1976இல் யூஜின் ஓநீலின் 'த ஐஸ்மேன் கம்மத்' நாடகத்தின்போது கடுமையான மேடை அச்சத்திற்கு உள்ளாகி ஹோம் விலகினார். அதன்பின் நெடுங்காலம் மேடையைப் பெரும்பாலும் தவிர்த்தார். எனினும் மேடையில் பெற்ற பயிற்சி அவரை விட்டு விலகவில்லை. 'ஏலியன்' (1979) படத்தில் ஆஷ் ஒரு மனிதன் அல்லன், இயந்திரம் என்பதை அறிந்த பின் மீண்டும் பார்த்தால், அவனது ஒவ்வொரு தயக்கமும் வேறு பொருள் தருகிறது. 'சாரியட்ஸ் ஆஃப் ஃபயர்' (1981) படத்தில், ஓட்டப் பயிற்சியாளர் முசபினி தம் மாணவனின் வெற்றியை அரங்கினுள் காணவில்லை. அறைச் சன்னல் வழியே கொடி ஏறுவதைக் கண்டே அறிகிறார். தமது தொப்பியைக் கையால் குத்திக் கிழிக்கிறார். உவகை என்னும் மெய்ப்பாடு அவ்வொரு செயலிலேயே முழுமையாக வெளிப்பட்டுவிடுகிறது. இவ்வேடத்திற்காக அவர் ஆஸ்கார் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார் என்பதும் குறிப்பிடத்தக்கது.

லியர்: பெருகிய சினம்

1993இல் பின்டரின் 'மூன்லைட்' நாடகத்தின்வழி மேடைக்கு மீண்ட ஹோம், 1997இல் ரிச்சர்ட் அயரின் நெறியாள்கையில் லியர் மன்னரானார். 1998இல் அதற்காக ஆலிவியர் விருது பெற்றார். அயரே அதனைத் தொலைக்காட்சிக்கும் படமாக்கினார். அப்படத்தில் நாம் காண்பது, மகளின் ஒரு சொல்லைத் தாங்க இயலாத வீட்டுத் தந்தையை. அவரது சினம் சிறிய திரைக்காகச் சுருக்கப்படவே இல்லை. படக்கருவியின் முன் அடக்கமே பொருந்தும் என்னும் கொள்கை இங்குத் தளர்கிறது.

ஈண்டு ஒரு தடை எழலாம். லியர் அரங்கேறிய காட்டஸ்லோ, தேசிய நாடக அரங்கின் மூன்று கூடங்களுள் மிகச் சிறியது. ஆதலின் அம்மேடையே திரைக்கு நெருங்கியதன்றோ எனலாம். இது லியருக்குப் பொருந்தும், லென்னிக்குப் பொருந்தாது. 'த ஹோம்கமிங்' இலண்டனில் நடைபெற்ற ஆல்ட்விச் அரங்கு ஆயிரம் பேருக்கு மேல் அமரக்கூடியது.

முடிவுரை

பெரிய அரங்கில் தாழ்ந்த குரலும், சிறிய திரையில் பெருகிய சினமும் ஒரே நடிகரிடம் வெற்றி பெற்றுள்ளன. எனவே, நடிப்பின் அளவை முதலில் தீர்மானிப்பது பாத்திரத்தின் மனநிலையே. ஊடகம் அதற்கு அடுத்த நிலையிலேயே நிற்கிறது எனத் துணியலாம். இம்முடிவு வகுப்பறைக்கும் உரியது. மேடை என்றதும் கையை வீசவும் குரலை உயர்த்தவும் மாணவரைப் பழக்குகிறோம். அப்பாத்திரம் எதை மறைக்க விரும்புகிறது என்று கேட்கப் பழக்குவதில்லை. குரல் எட்டுவதற்கான பயிற்சி தேவையே. ஆனால், அக்கேள்விக்குப் பின்னரே அது தொடங்க வேண்டும்.