பழவேற்காட்டுப் பாடும் தருமகர்த்தாக் கொள்கையும்

பொருளுடையார் தம் பொருளைத் தமதென்று கொள்ளாது, உலகின்பொருட்டுத் தம்பால் வைக்கப்பெற்ற அடைக்கலமெனக் கருதி ஒழுகுதல் தருமகர்த்தாக் கொள்கை எனப்படும். இக்காலத்து இதனை விரித்துரைத்தவர் காந்தியடிகள். கீதையைப் பயின்ற ஞான்று, சிநெல் என்பாரின் ஆங்கில நீதிச்சட்ட நூல் தம் நினைவிற்கு வர, 'டிரஸ்டி' என்னும் சொல்லின் உட்பொருள் தெளிவாயிற்று என அவர் தம் சத்திய சோதனையிற் குறித்துள்ளார். ஆகவே இக்கொள்கைக்குக் கால் இரண்டு. ஒன்று கீதையில் ஊன்றியது, மற்றொன்று ஆங்கிலச் சட்டத்தில் ஊன்றியது. ஈண்டு ஆராயற்பாலது இரண்டாவது காலே.

ஆங்கிலச் சட்டத்தின்படி தருமகர்த்தாவே பொருளுக்குச் சட்டமுறை உடையான். பயன் மட்டும் பிறர்க்குரியது. எனவே ஆலை முதலாளியைத் தருமகர்த்தா என்றவிடத்து, அவர் உடைமை நீங்கிற்றில்லை. அவர் மனச்சான்று ஒன்றே காவலாயிற்று. அவரை நியமித்தார் யார், கணக்குக் கேட்பார் யார் என்னும் வினாக்களுக்கு விடை காண்டல் அரிது. தாந்த்வாலா வரைந்து காந்தியடிகள் திருத்தி, 1952-இல் அரிஜன் இதழில் வெளிவந்த வரைவு, உடைமையைச் சட்டத்தால் ஒழுங்குசெய்தலை விலக்கவில்லை என்பது உண்மையே. எனினும் முதல் நிலையில் உடையானை உடையானாகவே அது விட்டுவைத்தது.

நம் நாட்டு அறநிலையங்களின் நிலை வேறு. 1921-ஆம் ஆண்டில் வித்யாவருதி தீர்த்தர் வழக்கில், மடாதிபதி முதலியோர் ஆங்கிலச் சொற்பொருளில் தருமகர்த்தா ஆகார். பொருள் தெய்வத்தையோ நிலையத்தையோ சார்ந்தது. அவர் அதனை நடத்துவோரே எனப் பிரிவி கவுன்சில் தெளிந்து கூறிற்று. சோழர் கல்வெட்டுக்கள் இதனை முன்னரே காட்டியுள்ளன. கோயில் நிலம் வாங்குதலும் விற்றலும் சண்டேசுரர் பெயரால் நிகழ்ந்தன. அவரும் உடையார் அல்லர், ஆண்டவன் திருத்தொண்டரே.

இவ்வழக்கிற்கு அடியாயுள்ளது சித்தாந்தம். தனு, கரணம், புவனம், போகம் ஆகிய நான்கும் மாயையினின்று இறைவன் உயிர்க்குக் கூட்டித் தந்தவை என்ப. உடம்பே இரவலாயின், அவ்வுடம்பாற் பெற்ற பொருள் மட்டும் தனதாதல் யாங்ஙனம்? உடையான் ஈகை செய்தாலும், 'எனதை ஈந்தேன்' என்னுங்கால் ஆணவம் ஓர் ஆடை மாற்றிக்கொண்டதே யன்றி அகன்றதில்லை. நுளைப்பாடி அதிபத்தர் நாள்தோறும் வலையில் அகப்பட்ட மீன்களுள் ஒன்றனை இறைவற்கென விடுத்தார். ஒரே மீன் அகப்பட்ட நாட்களிலும் அதனையே விடுத்தார். அஃது எஞ்சியதைக் கொடுத்தல் அன்று; உரியார்க்கு உரியதைச் செலுத்துதல்.

அற்றேல், தொண்டர் ஒருவர்க்குப் பொருந்துவது ஓர் ஊரார்க்குப் பொருந்துமோ எனின், பழவேற்காட்டு ஏரியை நோக்குக. ஒல்லாந்தர் 1613-இற் கெல்திரியாக் கோட்டை கட்டிக்கொண்டு வாணிகம் செய்த அவ்வூரில், கோட்டை இன்று சிதைந்து கிடக்க, மீனவர் 'பாடு' இன்றும் பேசப்படுகின்றது. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடூர் மாதாகுப்பம் என்னும் தலைக்கிராமங்கள் இறால் மிகும் துறைகளில் வலையிடும் உரிமையை முறைவைத்துப் பகிர்ந்துகொள்வன. எவர்க்கு எந்நாளில் எத்துறை என்பது குலுக்கலாலும் சுழற்சியாலும் அமையும். ஒருவன் பெறுவது துறையன்று. துறையில் ஒரு முறையே. இன்று நல்ல துறை வாய்த்தவனுக்கு நாளை வறுந்துறை வாய்க்கலாம். செல்வன் என்பதனால் எவனும் நல்ல துறையை நிலையாகப் பற்ற வொண்ணாது. இம்முறை இந்துக்களும் கிறித்தவர்களும் கூடிக் காத்தது என்பதும் எண்ணத்தக்கது. இலங்கை நீர்கொழும்பில் இதனோடொத்த கட்டுவலை முறைக்கு 1958-இல் அரசு விதியே வகுத்தது.

இனி அரசு தருமகர்த்தாவாதல். 1996 திசம்பர் 13-இல், பியாஸ் ஆற்றை வளைத்த விடுதி பற்றிய வழக்கில், இயற்கை வளங்கட்கு அரசு தருமகர்த்தாவே என உச்சநீதிமன்றம் விதித்தது. உரோமச் சட்டமும் அமெரிக்கத் தீர்ப்புக்களும் அங்கே சான்றாயின. சண்டேசுரரை நினைப்பார் இல்லை. இரு நாள் முன்னர் அதே நீதிபதிகள், காந்தியத் தொண்டர் ஜகந்நாதன் தொடுத்த வழக்கில், சில்கா, பழவேற்காடு ஏரிகளினின்று 1000 மீட்டருக்குட்பட்ட இறாற் பண்ணைகளை அகற்றப் பணித்திருந்தனர். ஆயினும் 2005-ஆம் ஆண்டின் கடலோர நீர்வாழுயிர் வளர்ப்பு ஆணையச் சட்டம், கடற்கரை ஒழுங்குமுறைத் தடையினின்று அத்தொழிலை முன்தேதியிட்டு விடுவித்தது. தருமகர்த்தா தானே தன் பத்திரத்தைத் திருத்திக்கொள்ளும் விந்தை இது! பாட்டில் ஒருவன் தன் முறையைத் தானே நீட்டிக்கொள்ளல் இயலாது. அடுத்த முறைகாரன் கரையில் நிற்பான். காந்தியடிகள் கொள்கைக்கும் அரசின் கொள்கைக்கும் இல்லாதது இந்தக் கரையில் நிற்பவனே.

ஆயின் பாட்டினைக் குற்றமற்றதெனக் கொண்டாடுவாரும் அமைந்து நோக்கல் வேண்டும். அம்முறையிற் சேரும் உரிமை பிறப்பால் வருவது. குறித்த குப்பங்களின் ஆடவர்க்கே உரியது. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பிற ஊரார் பங்கு கேட்டபோது பூசல்கள் விளைந்தன. ஒவ்வொருவனும் 'எனது' என்பதைத் துறந்தான். குப்பமோ 'எமது' என்பதைத் துறந்திலது. நீர் பதியினுடையதேல், இக்குப்பத்திற் பிறந்தமை எங்ஙனம் உரிமைச் சீட்டாகும்? வலையைத் துறைதோறும் நெருக்கினால் இறால் அழியும் என்னும் விடை புறக்கணிக்கத் தக்கதன்று. எண்ணிக்கைக்கு எல்லை வேண்டும். ஆனால் எல்லை வகுத்தற்கு ஏரியின் கொள்ளளவு காரணமாகலாமே யன்றிச் சாதி காரணமாகாது. இருளர் மகளிர் கழிநீரில் இறங்கி, ஓலைப்பையைப் பல்லாற் கவ்வி, வெறுங்கையால் இறால் துழாவுகின்றனர். வலையுமில்லை, படகுமில்லை, பாட்டில் அவர்க்கு முறையுமில்லை.