தபசு மரத்து எலுமிச்சை

மலேசியத் தோட்டத்துக் கோயில்களில் தீமிதி பார்த்து வளர்ந்தவர்கள் நாம். ஆனால் அந்தத் தீமிதிக்கு முன் இரவிரவாக நடக்கும் பாரதக் கூத்தை நம்மில் பலர் பார்த்ததில்லை. வடதமிழ்நாட்டில், செஞ்சி, திண்டிவனம் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் அதை இன்றும் காணலாம். பகலில் பாரதப் பிரசங்கம், இரவில் தெருக்கூத்து, முடிவில் தீமிதி.

அதில் அர்ச்சுனன் தபசு என்னும் ஒரு கட்டத்தை நிதானமாகப் பார்க்கவேண்டும். கோயில் வெளியில் உயரமான மரம் நட்டு, உச்சியில் பரண் கட்டியிருப்பார்கள். அர்ச்சுனன் வேடக்காரர் பாடிக்கொண்டே படிப்படியாக ஏறுகிறார். கீழே பிள்ளை வரம் வேண்டும் பெண்கள் ஈரப்புடவையோடு காத்திருக்கிறார்கள். உச்சியில் பூசை முடிந்ததும் எலுமிச்சையும் வில்வ இலையும் விபூதியும் கீழே வந்து விழுகின்றன. பெண்கள் மடியேந்திக்கொள்கிறார்கள்.

எவ்வளவு நுட்பம் பாருங்கள்! கதைப்படி அர்ச்சுனன் கேட்க வந்தவன். சிவனிடம் பாசுபதம் வேண்டித் தவமிருப்பவன். அவன் கேட்பது உயிரைப் பறிக்கும் ஆயுதம். கீழே நிற்பவள் கேட்பது ஓர் உயிர். வரம் கேட்டு ஏறியவன், அவளுக்கு வரம் கொடுப்பவன் ஆகிவிடுகிறான். இந்தக் கொடை கதையில் இல்லை. அவள் மடியேந்தியதால் வந்தது. நடிப்பைப் பூசையாக்குவது வேடம் மட்டுமல்ல, எதிரே நிற்பவரின் நம்பிக்கையும்தான்.

பாரதப் போரின் முடிவைக் காட்டும் படுகளம் என்னும் கட்டத்தில் இன்னொரு நயம். மண்ணால் செய்த பெரிய துரியோதனன் தரையில் மல்லாந்து கிடப்பான். துரியோதனன் வேடக்காரரும் அங்கேயே பீமனோடு பொருதுவார். ஒரே களத்தில் ஒருவனே இருவராக இருக்கிறான். பேச்சும் ஓட்டமும் வேடக்காரருக்கு, சாவு மண்ணுடம்புக்கு. தொடை பிளந்து செந்நீர் தெறித்ததும் திரௌபதி கூந்தல் முடிக்கிறாள். பிறகு அந்த மண்ணை ஊரார் கைப்பிடி அள்ளி வீட்டுக்குக் கொண்டுபோகிறார்கள். பகைவனின் உடம்பும் பிரசாதம் ஆகிவிடுகிறது. அதன்பின்தான் தீமிதி.

கூத்து எங்கே முடிகிறது, பூசை எங்கே தொடங்குகிறது என்று கோடு போடத் தேவையில்லை. இரண்டும் ஒன்றையொன்று தாங்கி நிற்பதே இந்தக் கலையின் அழகு.

சிங்கப்பூரில் 1827இல் தோன்றிய ஸ்ரீ மாரியம்மன் கோயிலில் தீபாவளிக்கு முன் நடக்கும் தீமிதியிலும் படுகளம் உள்ளிட்ட பாரதச் சடங்குகள் தொடர்கின்றன. மலாக்காவிலிருந்து போய்வரக்கூடிய தூரம்தான். அடுத்த முறை தீக்குழியை மட்டும் பார்த்துத் திரும்பாதீர்கள். அதற்கு முந்தைய சடங்குகளையும் பிள்ளைகளோடு போய்ப் பாருங்கள்.