நின்று ஆடுகிற பிரேசில்காரர்

சென்னை நேரு விளையாட்டரங்கில் சென்னை உதைபந்தாட்ட அணியின் நீல உடையில் ஆடிய ஒரு பிரேசில்காரரைப் பற்றி வன்னியில் இன்றைக்கும் ஒரே தீர்ப்புத்தான். கால் நல்ல கால், ஆள் சோம்பேறி. முள்ளியவளையில் கேட்டாலும் இதுதான், மல்லாவியில் கேட்டாலும் இதுதான். பந்து காலுக்கு வந்ததும் நின்றுவிடுகிறாராம். எதிரணி திரும்பி வந்து நிரம்பும் வரைக்கும் பார்த்துக்கொண்டிருக்கிறாராம். வயது போன பிறகு காசுக்காக இந்தியா வந்தவராம். இந்தத் தீர்ப்பு முழுப் பிழை. அந்த அணியின் தாக்குதலில் உருப்படியானது எல்லாம் அவர் நின்ற அந்தக் கணத்தில்தான் பிறந்தது.

இந்திய உதைபந்தாட்டத்தின் ஐ.எஸ்.எல். தொடரின் முதல் பருவத்தில், 2014இல், 8 கோல்களோடு முதலிடம் பிடித்தவரும் சென்னைக்கு ஆடிய ஒரு பிரேசில்காரர்தான். அவர் பெரிய பெயரோடு வந்தார், ப்ரீ கிக்கால் எல்லோரையும் மயக்கினார். அவரை யாரும் குறை சொல்வதில்லை. நான் பேசுவது பெயரில்லாமல் பின்னால் வந்த மற்றவரைப் பற்றி.

அவர் பந்தை வாங்குகிற இடத்தை முதலில் பாருங்கள். எதிரணியின் பின்களத்துக்கும் நடுக்களத்துக்கும் நடுவே உள்ள ஒடுங்கிய துண்டு நிலம். கோலுக்குப் பாதி முதுகைக் காட்டியபடி வாங்குகிறார். உள்ளங்காலைப் பந்தின்மேல் வைக்கிறார். இந்த இடத்தில் நம்மவர்கள் எல்லோரும் பந்தையே பார்க்கிறார்கள். பந்தை விட்டுவிட்டு எதிரணியின் இரண்டு நடுக்கள வீரர்களுடைய கால்களைப் பார்த்தால் கதை வேறு. ஒருவர் ஓரடி முன்னே வைக்கிறார், அடுத்தவர் அவரைப் பார்க்கிறார், போவதா நிற்பதா என்று இருவருக்கும் தெரியவில்லை. ஒருவர் பாய்ந்து வந்தால் அவர் விட்டு வந்த இடம் திறக்கிறது. இருவருமே வராவிட்டால் பிரேசில்காரர் திரும்பிக் கோலைப் பார்த்துவிடுவார். இரண்டில் எது நடந்தாலும் அவருக்கு லாபம். மடைக் கதவைத் திறக்குமுன் தண்ணீர் ஏறட்டும் என்று காத்திருக்கிற கமக்காரனைச் சோம்பேறி என்று இரணைமடுக் குளத்தின் கீழே விதைக்கிற எவரும் சொல்லமாட்டார்கள்.

இன்னொன்றும் கவனிக்கவேண்டும். சென்னையில் அவரோடு விங்கில் ஆடிய இந்தியப் பெடியன்கள், பாஸ் புறப்பட்ட பிறகு ஓடத் தொடங்கவில்லை. அவர் உள்ளங்காலை வைத்ததும் ஓடினார்கள். அதுதான் அவர்களுக்குச் சைகை. அந்த ஓட்டத்துக்குப் பந்து போகும், அங்கிருந்து குறுக்கே வரும், முன்கள வீரர் தட்டிவிடுவார். கோல் ஒருவர் பெயரில், கோலுக்கான பாஸ் இன்னொருவர் பெயரில். நின்றவருக்குக் கணக்கில் ஒன்றுமே ஏறாது. காயத்தால் அவர் வெளியே இருந்த நாட்களில் அதே அணியின் ஆட்டத்தைப் பார்த்தவர்களுக்கு நான் அதிகம் விளக்கத் தேவையில்லை. பந்து அவர்களிடம் இருந்தது, ஓட்டமும் இருந்தது, யார் எப்போது ஓடவேண்டும் என்பதுதான் ஒருவருக்கும் தெரியவில்லை.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வருகிறது? பிரேசிலில் பல பிள்ளைகள் முதலில் பழகுவது புட்சால். 1930களில் உருகுவேயில் தொடங்கி சாவோ பாலோவில் வேரூன்றிய ஆட்டம் அது. பந்து சிறியது, அதிகம் துள்ளாது. பக்கத்துக்கு ஐந்து பேர். நாலு பக்கமும் ஆள். அங்கே உள்ளங்காலால் பந்தை அடக்கத் தெரியாதவன் ஆட்டத்திலேயே இல்லை. பெரிய மைதானத்துக்கு வந்த பிறகும் அந்தக் கால் அதை மறப்பதில்லை.

அதற்கு மேலே ஊர் மாறி ஊர் மாறிப் பிழைக்கிற வாழ்க்கை இருக்கிறது. உலகத்தில் எந்த நாட்டிலும் பார்க்க அதிகமான உதைபந்தாட்டக்காரர்களை வெளியே அனுப்புவது பிரேசில். எந்த நேரத்திலும் ஆயிரத்துக்கு மேற்பட்டவர்கள் பிறநாட்டுக் கழகங்களில் ஆடிக்கொண்டிருப்பார்கள். நாம் தொலைக்காட்சியில் காண்பது அதில் ஒரு பிடிதான். மற்றவர்களின் பாதை வேறு. மொழி ஒன்றென்பதால் முதலில் போர்த்துக்கல், பிறகு கிழக்கு ஐரோப்பாவின் குளிர், பிறகு வளைகுடா, முப்பதை நெருங்கும்போது இந்தியாவோ தாய்லாந்தோ. ஒப்பந்தம் ஒரு வருடம், மிஞ்சினால் இரண்டு. ஒவ்வொரு இடத்திலும் புதிய பயிற்றுநர், பெயர்கூடச் சரியாக உச்சரிக்க வராத பக்கத்து ஆட்டக்காரன். கூடி வருடக்கணக்காகப் பழகி எடுத்த நகர்வு எதுவும் இப்படிப்பட்டவரிடம் இருக்க முடியாது. போலந்துக்காரனுக்கும் மிசோரம் பெடியனுக்கும் ஒரேமாதிரி விளங்குகிற ஒரு சைகை அவருக்கு வேண்டும். பந்தின்மேல் வைத்த அந்த உள்ளங்கால்தான் அந்தச் சைகை. அதைச் சோம்பல் என்று சொல்வது எனக்குக் கோபத்தையே வரவைக்கிறது.

குறை இல்லை என்று சொல்லவில்லை. பந்தைப் பறிகொடுப்பார், அதுவும் நடு மைதானத்தில், அணி முழுவதும் முன்னே ஏறி நிற்கும்போது. திரும்பி ஓடி மீட்கவும் மாட்டார். ஆனால் பத்துத் தடவை நின்றால் மூன்று தடவை பறிபோகும் என்பதைத் தெரிந்துகொண்டு, அவருக்குப் பின்னால் ஓடக்கூடிய ஒருவரை நிறுத்துவது பயிற்றுநரின் பொறுப்பு.

நம் ஏழு பேர் ஆட்டத்துக்கு வருகிறேன். புதுக்குடியிருப்பு, உருத்திரபுரம், நெடுங்கேணி என்று எங்கே சுற்றுப்போட்டி நடந்தாலும் சின்ன மைதானம், நெருக்கம், நாலு பக்கமும் ஆள். பிரேசில் பிள்ளைக்குக் கிடைக்கிற அதே நெருக்கம். ஆனால் நம் பிள்ளை கற்றுக்கொள்வது நேர்மாறாக. பந்து வந்ததும் கோட்டுக்கு வெளியே இருந்து "அடியடா, அடி! என்னத்தைப் பாக்கிறாய்?" என்று கழகமே கத்தும். ஏன் என்று தெரியும். வெயிலில் இறுகிய தரையில் பந்து எப்படித் துள்ளும் என்று சொல்ல முடியாது. ஆட்ட நேரம் கொஞ்சம். ஒரு தோல்வியோடு வீடு. சமநிலை என்றால் தண்ட உதை. இப்படியான போட்டியில் பந்தைத் தூர அடிப்பவன் பிழை விடாதவன் ஆகிவிடுகிறான். கிளிநொச்சியில் ஏ-9 வீதியோரம் கட்டத் தொடங்கி வருடக்கணக்காக இழுபட்ட பெரிய விளையாட்டரங்கு பற்றி எழுதியெழுதி எல்லோருக்கும் அலுத்துவிட்டது. எனக்கு வேண்டியது அதைவிடச் சின்ன விசயம்: ஒவ்வொரு பிரதேசத்துக்கும் மட்டமான புல்தரை ஒன்று.

இந்தியாவில் இனி நடக்கப்போவதைச் சொல்கிறேன். ஐ.எஸ்.எல். தொடங்கிய காலத்தில் களத்தில் 6 வெளிநாட்டவர் ஆட முடிந்தது. 2017-18இல் அது 5 ஆகியது, 2021-22இல் 4 ஆகியது. இடம் குறையக் குறையக் கழகங்கள் கோல் போடுகிறவனுக்கும் பின்களத்தைக் காக்கிறவனுக்குமே காசைக் கொட்டும். நின்று ஆடுகிற பிரேசில்காரர் முதலில் வெட்டுப்படுவார். இன்னும் மூன்று நான்கு பருவத்தில் அந்த வகை ஆள் அங்கே அருமையாகிவிடுவார். அந்த இடத்தை நிரப்பப்போவது கேரளத்தின் செவன்ஸ் என்ற ஏழு பேர் ஆட்ட மைதானங்களிலும் இந்தியாவின் வடகிழக்கு மலைகளிலும் இருந்து வரும் பெடியன்கள்.

இலங்கையில் தேசிய அணிக்கு இப்போது புலம்பெயர்ந்த குடும்பங்களின் பிள்ளைகள் வந்திருக்கிறார்கள். ஐரோப்பாவிலும் அவுஸ்திரேலியாவிலும் பழகியவர்களுக்கு நடுக்களத்தில் நின்று திரும்பத் தெரியும். அவர்களுக்குப் பிறகு யார் என்ற கேள்வி இன்னும் சில வருடத்தில் வந்தே தீரும். அப்போது கொழும்பு தேடுவது வேகத்தை அல்ல. வேகம் இங்கே எப்போதும் இருந்தது. பதினான்கு வயதில் பந்தை நிறுத்தியதற்காகத் திட்டு வாங்காத ஒருவனைத்தான் தேடுவார்கள். அப்படி ஒருவன் வன்னியிலிருந்து போவான் என்று நம்புகிறேன், அதுவும் ஏழு பேர் ஆட்டத்திலிருந்து. முதல் ஒப்பந்தம் மாலைதீவில் கிடைக்கும். அவன் பெயரில் ஒரு பருவத்தில் இரண்டு கோல்கூட இருக்காது. அவனுக்கு இடப்பக்கத்தில் ஓடுகிற விங்கர் மட்டும் வாழ்நாளில் போடாத அளவுக்குக் கோல் போடுவான்.