சமையற்காரி மேரி: ஒருதரப்புச் சித்திரம்

நோயைச் சுமப்பவரெல்லாம் நோயாளியாகத் தோன்றுவதில்லை. இவ்வுண்மையை நியூயார்க் நகரத்தார்க்கு உணர்த்தியவர் சுகாதாரப் பொறியாளர் ஜார்ஜ் சோப்பர். 1906-இல் ஆய்ஸ்டர் பே என்னும் ஊரில், ஒரு செல்வர் குடியிருந்த வீட்டில் 11 பேருள் 6 பேரை டைபாய்டுக் காய்ச்சல் பற்றியது. அங்குச் சமைத்த அயர்லாந்துப் பெண் மேரி மாலன், தாம் நலமாக இருந்துகொண்டே கிருமியைப் பரப்பினார் என்று சோப்பர் கண்டறிந்தார். அவ்வரலாற்றை, மேரி இறந்த மறு ஆண்டாகிய 1939-இல், நியூயார்க் மருத்துவக் கழக இதழில் அவரே விரிவாக எழுதினார்.

கட்டுரை துப்பறியும் கதைபோல் விறுவிறுப்பாகச் செல்கிறது. அதன் ஆராய்ச்சியில் நாம் குறை காணவில்லை. மனிதரைத் தீட்டுமிடத்தில்தான் அது வழுவுகிறது. மேரியின் ஆண்போன்ற நடையையும், அவர் சினந்து ஏந்திய முட்கரண்டியையும் வருணிக்கும் ஆசிரியர், முன்பின் அறியாத ஆடவர் சமையலறையுட் புகுந்து மலமும் குருதியும் கேட்டால் ஒரு பெண் என்செய்வாள் என எண்ணிப் பார்த்தாரில்லை. பின்னர், காவலில் இருந்த மேரியிடம், அவரைப் பற்றி நூலெழுதி வருவாயை அவருக்கே தருவதாகவும் கூறினாராம். மேரி வாய் திறவாது எழுந்து சென்று குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டார். அந்த மௌனத்தின் பொருள் எழுதியவருக்கு எட்டவில்லை. படிக்கும் நமக்கு எட்டுகிறது.

மேரி தம் கைப்பட 1909-இல் எழுதிய கடிதம் ஒன்றுண்டு. தீவுக் காவலில் தம் கண்ணிமை செயலிழந்து ஆறு மாதம் வருந்தியும், அங்கு வந்துபோன கண் மருத்துவரை எவரும் தம்மிடம் அனுப்பவில்லை என்று அதில் முறையிடுகிறார். கிருமியைத் தேடியோர், அதைச் சுமந்தவரைப் பார்க்கவில்லை.

ஆயினும், மேரியைக் குற்றமற்றவராக்குவதும் நீதியன்று. இனிச் சமைப்பதில்லை என வாக்களித்து 1910-இல் விடுதலை பெற்றவர், 1915-இல் வேறு பெயரில் ஒரு மகளிர் மருத்துவமனையில் சமைத்தார். 25 பேர் நோயுற்றனர், இருவர் மாண்டனர். அவர்தம் உயிருக்கும் உரிமை உண்டன்றோ? எனவே, அவரை அடுப்படியிலிருந்து விலக்கியது முறையே. ஆனால் சமையலைவிடக் குறைந்த கூலி தரும் சலவை வேலையைக் காட்டிவிட்டு, இழப்புக்கு ஈடு செய்யாதது முறையன்று. அவரைப் போன்ற நூற்றுக்கணக்கானோர் வெளியே வாழ்ந்திருக்க, அவரை மட்டும் 1938-இல் இறக்கும்வரை தீவில் வைத்ததும் முறையன்று.

ஒரு தரப்பைக் கேட்டுத் தீர்ப்பளிப்பது காஜிக்கு அழகன்று, எழுதுவோர்க்கும் அழகன்று. சோப்பரின் கட்டுரையைப் படிப்போர், மேரியின் கடிதத்தையும் அருகில் வைத்துப் படிப்பாராக.