கண்ணாடி ஓட்டின் வெளிச்சம்: பாலுமகேந்திராவின் ஒளிப்பதிவு

சேலம் அம்மாபேட்டையின் பழைய நெசவு வீடுகளில், கூரையில் பதித்த ஒற்றைக் கண்ணாடி ஓட்டின் வழியே பாவின்மீது வெயில் இறங்கும். நெய்பவரின் கைகள் வெளிச்சத்திலும் முகம் பாதி நிழலிலும் இருக்கும். பாலுமகேந்திராவின் படங்கள் நமக்கு அந்நியமாகத் தோன்றாததன் காரணம் இதுவே எனலாம்.

மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர் அவர். பூனா திரைப்படக் கல்லூரியில் பயின்று, மலையாளத்தில் ‘நெல்லு’ (1974) வழியே அறிமுகமானார். கன்னடத்தில் தாம் இயக்கிய ‘கோகிலா’ (1977) அவருக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்றுத் தந்தது. தமிழுக்கு அவரைக் கொணர்ந்தது மகேந்திரனின் ‘முள்ளும் மலரும்’ (1978).

கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுப் பொருளைத் தொடுகிறது என்ற பழைய கொள்கையைப் பதினோராம் நூற்றாண்டில் மறுத்தவர் இப்னுல் ஹைஸம். ஒளி பொருளிலிருந்து கண்ணை வந்தடைகிறது என்று அவர் ‘கிதாபுல் மனாஸிர்’ நூலில் நிறுவினார். ஒளிப்பதிவாளர்களிலும் இவ்விரு சாரார் உண்டு. நம் படப்பிடிப்புக் கூடங்கள் நெடுங்காலம் நாலாபுறமும் விளக்கேற்றி, நடிகரின் முகத்தில் நிழலே விழாமல் காத்தன. பாலுமகேந்திராவோ சாளரத்தருகே காத்திருந்தவர்.

எனினும், அவரைப் புகழ்வோர் முதலில் எடுத்துக்காட்டும் ‘மூன்றாம் பிறை’யை (1982) நாம் அவரது சிகரமாகக் கருதவில்லை. இரண்டாம் தேசிய விருதைத் தந்த படந்தான். மழையில் நனையும் அந்த ரயில் நிலையத்தை மறத்தல் அரிது. ஆயினும் உதகையின் பனி, எதை மூடினாலும் அழகாக்கிவிடும். கலைஞனுக்கு அதில் உழைப்புக் குறைவு.

‘வீடு’ (1988) அத்தகையதன்று. சென்னையில் சொந்தமாக ஒரு வீடு கட்ட முனையும் நடுத்தரக் குடும்பத்துப் பெண்ணின் கதை. பாடல்கள் இல்லை. பூசப்படாத செங்கல், கதவு வைக்காத வாசல், அதன் வழி வரும் பகல் வெளிச்சம். இவையே அங்குள்ள அழகு. சொக்கலிங்க பாகவதர் ஏற்ற முதியவர், முடிவடையாத அந்த வீட்டைக் காண வந்து சுவரைத் தடவும்போது, ஒளி அவருக்காகக் கூடுவதுமில்லை, குறைவதுமில்லை. இரக்கத்தை வெளிச்சத்தால் வற்புறுத்தாத இந்த அடக்கம் தமிழ்த் திரையில் அரிது.

2014 பிப்ரவரியில் அவர் மறைந்தார். ‘வீடு’ படத்தின் மூலச்சுருள் அழிந்துபோனதை அவரே வருந்திக் கூறியிருந்தார். இன்று நாம் காண்பன பிரதிகள் மட்டுமே. அவற்றில் எது அவர் வைத்த நிழல், எது பிரதியின் மங்கல் என்று பிரித்தறிவது எளிதன்று.