கணக்குத் தெரிந்தவள்

வைக்கம் முகம்மது பஷீரின் ‘பால்யகால சகி’ 1944இல் வெளிவந்தது. அதனைக் காதல் துன்பியல் என்றே சொல்லி வருகிறார்கள். சொல்லட்டும். ஆனால் மஜீதையும் ஸுஹராவையும் பிரித்தது யார் என்று கேட்டால் அந்தப் பெயர் போதாமல் போகிறது.

எட்டு ஆண்டுகளுக்கு முன்னர், 1936இல், சங்ஙம்புழாவின் ‘ரமணன்’ மலையாள வாசகரை உலுக்கியிருந்தது. அதிலே பணக்காரக் காதலி ஏழைக் காதலனைக் கைவிடுகிறாள்; அவன் உயிரை மாய்த்துக்கொள்கிறான். வாசகரின் கோபத்துக்கு ஓர் ஆள் கிடைத்துவிடுகிறது. பஷீரிடம் அப்படி ஆள் இல்லை. ஸுஹரா துரோகம் செய்யவில்லை, மஜீதும் செய்யவில்லை.

வகுப்பிலே கணக்கில் கெட்டிக்காரி ஸுஹரா. மஜீதுக்குக் கணக்கே வராது. ஒன்றையும் ஒன்றையும் அவன் கூட்டிய விதம் சிரிப்புக்கு இடமானது. இருந்தும் பட்டணத்துப் பள்ளிக்கூடத்துக்குப் போனவன் அவன்தான். வாப்பா மௌத்தானதும் அவள் வீட்டோடு நின்றுவிட்டாள். அவளையும் படிக்கவைக்கும்படி மஜீத் கெஞ்ச, காசிருந்த அவனது வாப்பா மறுத்துவிட்டார். நாவலின் முதல் பிரிவு இதுதான். கலியாணமெல்லாம் பிறகு வந்த கதை. நாங்கள் இந்த இடத்தைச் சட்டென்று தாண்டிவிடுகிறோம். மாங்காய்ச் சண்டையும் நகப் பிராண்டலும்தான் மனதில் நிற்கின்றன.

மஜீத் ஊர் சுற்றித் திரும்பும்போது வீடு நொடித்துப் போயிருக்கிறது. ஸுஹரா ஓர் இறைச்சிக்கடைக்காரனுக்கு வாழ்க்கைப்பட்டு அடி உதையோடு காலம் தள்ளுகிறாள். அவள் தாய்வீட்டுக்கு வந்த பிறகு பழைய பாசம் மீண்டும் துளிர்க்கிறது. பின் ஏன் அவர்கள் சேரவில்லை? மஜீதின் வீட்டில் இரண்டு குமர்கள். தங்கைமாரின் சீதனத்துக்கு உழைக்கத்தான் அவன் மறுபடி புறப்படுகிறான். விபத்தில் காலை இழந்து, ஹோட்டலில் எச்சில் பாத்திரம் கழுவுகிறான். ஸுஹராவின் மரணம் அவனுக்கு உம்மாவின் கடிதமாக வந்து சேர்கிறது. சீதனம், கைக்கூலி என்ற சொற்களோடு வளர்ந்த எங்கட வாசகருக்கு இதில் விளக்கம் தேவையில்லை. யாரோ ஒருத்தியின் சீதனம் இன்னொருத்தியின் வாழ்வைத் தின்கிறது. அதைப் பஷீர் ஒரு பிரசங்கமும் இல்லாமல் சொல்லிவிடுகிறார்.

எனக்கொரு குறையும் உண்டு. ‘பிரேமலேகனம்’ 1943இல் வந்தது. திருவிதாங்கூர் அரசு அதனைத் தடைசெய்தது. அதிலே சாறாம்மா கேசவன் நாயரிடம் வாயாடுகிறாள், பேரம் பேசுகிறாள், தன் நிலையைத் தானே எடைபோடுகிறாள். ஸுஹராவுக்கு அந்த இடம் கொடுக்கப்படவில்லை. விடைபெறும் வேளையில் அவள் சொல்ல வந்து சொல்லாமல் விட்டது என்ன என்று மஜீத் நினைத்துக்கொண்டிருப்பதை எல்லாரும் மெச்சுகிறார்கள். அது மஜீதின் ஏக்கம். அவளுடைய பாடு நடந்ததோ இறைச்சிக்கடைக்காரன் வீட்டில். அந்த அடுப்படிக்குள் பஷீரின் பேனா போகவே இல்லை.