செங்களையின் நிறம்

எச்.ஜி. வெல்ஸின் 'தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்' (1898) நாவலில் செவ்வாய்வாசிகளோடு ஒரு தாவரமும் பூமிக்கு வருகிறது. செங்களை எனப்படும் அது தேம்ஸ், வே ஆறுகளை அடைத்து வளர்கிறது. செவ்வாயின் தாவரங்களுக்குப் பச்சை அல்ல, இரத்தச் சிவப்பே பொதுநிறம் என்கிறது நாவல். ஏன் சிவப்பு என்பதற்கு விளக்கம் இல்லை.

இலையின் பசுங்கணிகங்களில் உள்ள பச்சையம் சிவப்பு, நீல ஒளியை மிகுதியாகவும் பச்சை ஒளியைக் குறைவாகவும் உறிஞ்சுகிறது. அதனால் இலை பச்சையாகத் தெரிகிறது. சிவப்புப் பாசிகளில் ஃபைக்கோஎரித்ரின் என்னும் நிறமி பச்சை ஒளியைப் பிடித்து, அதன் ஆற்றலைப் பச்சையத்துக்குக் கடத்துகிறது. ஒளி குறைந்த ஆழ்கடலிலும் அவை வாழ இது உதவுகிறது. எனவே வெல்ஸின் கற்பனை அறிவியலுக்குப் புறம்பானது அல்ல.

செவ்வாய் பூமியைப் போல் ஏறத்தாழப் பாதி ஒளியையே பெறுகிறது என்று நாவலின் தொடக்கத்திலேயே வெல்ஸ் குறிப்பிடுகிறார். டி.எச். ஹக்ஸ்லியிடம் உயிரியல் பயின்று, 1893ல் உயிரியல் பாடநூலும் எழுதியவர் அவர். ஆயினும் குறைந்த ஒளியையும் இலையின் நிறத்தையும் அவர் இணைக்கவில்லை. சிவப்பு அச்சமூட்டும் நிலக்காட்சியாக மட்டுமே நின்றுவிடுகிறது.

செங்களையின் அழிவு அப்படி அல்ல. பூமியின் பாக்டீரியாக்களை எதிர்க்கும் திறன் அதற்கு இல்லை. அது வெளிறி, சுருங்கி, நொறுங்குகிறது. நிறத்துக்குச் சொல்லப்படாத உயிரியல் காரணம் மரணத்துக்குச் சொல்லப்படுகிறது. அந்த இடத்தில்தான் செங்களை உண்மையான தாவரமாகிறது.